மூட்டை தூக்குகிறவரோடு நடப்பது – கடிதம்

அன்புள்ள சார்,

கோவையிலிருந்து எழுதுகிறேன். வங்கி வேலை, வயது 51. பதினெட்டு வருடமாக வெள்ளியங்கிரி ஏறிக்கொண்டிருக்கிறேன். மகள் அமெரிக்காவில் படிக்கிறாள், அடுத்த வருடம் அவளோடு பெரு நாட்டுக்குப் போய் இன்கா அரசர்கள் கட்டிய மலைநகரமான மச்சு பிச்சுவைப் பார்க்கலாம் என்று ஒரு எண்ணம். அவள் ரயிலில் போய்ப் பார்த்துவிட்டு வரலாம் என்கிறாள். எனக்கு அதற்குப் போகிற பழைய இன்கா பாதையில் நான்கு நாள் நடக்க ஆசை. ஆனால் விசாரித்தால் கைடு இல்லாமல் உள்ளேயே விடமாட்டார்களாம். டென்ட், அரிசி, அடுப்பு, கேஸ் எல்லாவற்றையும் போர்ட்டர்கள் தூக்கி வருவார்களாம். இன்னொருவர் முதுகில் என் மூட்டையை ஏற்றிவிட்டு நான் கைவீசி நடப்பது மனதுக்கு ஒப்பவில்லை. கைடும் சமையல்காரரும் கூட வந்தால் அது என்ன மலையேற்றம் என்றும் தோன்றுகிறது. நீங்கள் போய்வந்ததாக முன்பு எழுதியிருந்தீர்கள். போகலாமா? என் மூங்கில் தடியைக் கொண்டுபோகலாமா?

அன்புடன்,
எஸ்.

அன்புள்ள எஸ்.,

நடந்தே போங்கள். மகளையும் நடக்கச் சொல்லுங்கள்.

ரயிலில் போனால் பார்க்கிற மச்சு பிச்சுவும் அதேதான், ஒரு கல்கூடக் குறையாது. ஆனால் அது ஒரு நீண்ட சாலையின் கடைசி ஊர் என்பது நடந்து வருகிறவருக்குத்தான் காலில் தெரியும். சுமார் 43 கிலோமீட்டர் வழியில் முதல் நாளே பாதயாக்தா என்ற பழைய இன்கா ஊரின் இடிபாடு வருகிறது, அப்புறம் ருன்குராகாய், சயாக்மார்கா, புயுபாத்தாமார்கா, வின்யாய் வாய்னா என்று ஒன்றன்பின் ஒன்றாக. இவற்றில் பல ஊர்களுக்கு இன்றைக்கும் வண்டியில் போக வழி கிடையாது. புயுபாத்தாமார்கா என்றால் அந்த மலைக்காரர்களின் கெச்சுவா மொழியில் மேகத்துக்கு மேலே உள்ள ஊர். நான் போன காலையில் உண்மையிலேயே மேகம் எங்களுக்குக் கீழே கிடந்தது, அந்த அமைதியில் கல்தொட்டிகளில் தண்ணீர் விழும் சத்தம் மட்டும் கேட்டது. ஐந்நூறு அறுநூறு வருடத்துக்கு முன் வெட்டிய வாய்க்கால், அதில் இன்னும் தண்ணீர். நான் அங்கே கையை நனைத்துக்கொண்டு வெகுநேரம் நின்றேன்.

கைடு பற்றிக் கேட்டிருந்தீர்கள். 2001இலிருந்துதான் இந்தக் கட்டாயம். அதற்கு முன்னால் யார் வேண்டுமானாலும் போகலாம், எங்கே வேண்டுமானாலும் டென்ட் போடலாம் என்று இருந்து, குப்பையும் கழிவுமாகப் பாதை நாறிப்போனது, படிகள் பெயர்ந்தன. இப்போது ஒரு நாளைக்கு 500 பேருக்குத்தான் அனுமதி, அதிலும் கைடு, சமையல்காரர், போர்ட்டர் எல்லாரும் அடக்கம். நம்மைப் போன்ற பயணிகள் இருநூறு பேர்தான் இருப்போம். எனக்கு இது சரியான ஏற்பாடாகவே படுகிறது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். மச்சு பிச்சுவைக் கண்டுபிடித்தவர் என்று நம் பாடப்புத்தகத்தில் வந்த அமெரிக்கர் ஹைரம் பிங்கம் தனியாகவா போனார்? 1911 ஜூலை 24ஆம் தேதி காலையில், ஆற்றோரம் குடியிருந்த மெல்ச்சோர் ஆர்தியாகா என்ற விவசாயிக்கு ஒரு சோல் (பெரு நாட்டுக் காசு) கூலி பேசி, அவர் வழிகாட்டித்தான் ஏறினார். மேலே போனால் இரண்டு குடும்பங்கள் அந்தப் பழைய படிவயல்களில் மக்காச்சோளமும் கிழங்கும் பயிரிட்டு வாழ்ந்துகொண்டிருந்தன. களைத்துப் போய் வந்தவருக்கு அவர்கள் சுரைக்குடுவையில் தண்ணீரும், அவித்த சர்க்கரைவள்ளிக் கிழங்கும் கொடுத்தார்கள். அங்கிருந்து இடிபாடுகளுக்குக் கூட்டிப்போனது அந்த வீட்டுச் சிறுவன் ஒருவன். இதற்கும் ஒன்பது வருடம் முன்பே, 1902இல், அகுஸ்தின் லிசாராகா என்ற பெருக்காரர் வந்து சுவரில் தன் பெயரை எழுதிவிட்டுப் போயிருந்தார், பிங்கமே அந்த எழுத்தைப் பார்த்தார். காணாமல் போன நகரம் என்று நாம்தான் சொல்கிறோம், அங்கே கிழங்கு பயிரிட்டவர்களுக்கு அது காணாமல் போகவே இல்லை. பிங்கமே உள்ளூர்க்காரர் கைகாட்டித்தான் அந்த மலைக்குப் போய்ச் சேர்ந்தார். நீங்களும் நானும் அப்படிப் போவதில் என்ன குறைச்சல்?

சரி, போர்ட்டர் விஷயத்துக்கு வருகிறேன். உங்கள் கடிதத்தில் என்னைத் தொட்டது அதுதான்.

உங்கள் துணிமணிப் பையை நீங்களே தூக்குங்கள். வெள்ளியங்கிரி ஏறுகிற உடம்புக்கு ஏழெட்டுக் கிலோ ஒன்றும் பெரிதில்லை. ஆனால் டென்டும் சமையல் சாமானும் நான்கு நாள் சாப்பாடும் குழுவுக்குப் பொது, அதைத் தூக்க ஆள் வந்தே தீருவார்கள், நீங்கள் கூச்சப்பட்டாலும் வருவார்கள். அவர்களில் பெரும்பாலோர் சுற்றுவட்டாரக் கிராமங்களைச் சேர்ந்த விவசாயிகள், வீட்டில் கெச்சுவா பேசுகிறவர்கள். விதைப்புக்கும் அறுவடைக்கும் இடையில் இந்த வேலைக்கு வருகிறார்கள். 2020இல் கொரோனா வந்து எல்லாம் மூடியபோது, மாதக்கணக்கில் இந்த வருமானம் நின்றுபோனது. ஆகவே தூக்கவிடலாமா கூடாதா என்று நாம் மனதுக்குள் போராடுவதைவிட, எப்படித் தூக்குகிறார்கள், எங்கே படுக்கிறார்கள், என்ன சாப்பிடுகிறார்கள், கையில் என்ன கிடைக்கிறது என்று பார்ப்பதுதான் நியாயம்.

நான் அதைப் பார்க்காமல் போனேன். இருப்பதிலேயே விலை குறைந்த நிறுவனத்தைத் தேர்ந்தெடுத்துப் பணம் கட்டினேன்.

இரண்டாம் நாள் வார்மிவான்யுஸ்கா கணவாய், 4,215 மீட்டர். செத்த பெண் என்று அர்த்தம், தூரத்திலிருந்து பார்த்தால் மலை முகடு ஒரு பெண் மல்லாந்து படுத்திருப்பது போலிருக்கும். இருபது அடி வைத்து நிற்பேன், மூச்சு வந்ததும் மறுபடி இருபது அடி. பின்னாலிருந்து கைடு "போர்ட்டர்!" என்று குரல் கொடுப்பார், உடனே எல்லாரும் மலைப்பக்கம் ஒதுங்கி நிற்க வேண்டும். பள்ளத்துப் பக்கம் நிற்கக்கூடாது, மூட்டை இடித்தால் கீழே போய்விடுவோம். அப்படி ஒதுங்கி நின்றபோது ஒரு பெரியவர் என்னைக் கடந்தார். ஐம்பதைத் தாண்டியிருக்கும், உங்கள் வயதுதான். முதுகில் நீலப் பிளாஸ்டிக்கில் சுற்றிக் கட்டிய மூட்டை, அதன் மேல் கேஸ் சிலிண்டர். ஒரு கன்னத்தில், களைப்புக்கு மெல்லுகிற கோக்கா இலை அடக்கியிருந்தார். காலில் பழைய டயரை வெட்டித் தைத்த செருப்பு. படி ஏறும்போது குதிகால் என் கண்ணுக்கு நேரே வந்தது: சித்திரை மாதத்து ஏரி மாதிரிப் பாளம் பாளமாக வெடித்த குதிகால். அவர் நிற்கவில்லை. நாங்கள் கணவாயைக் கடந்து இறங்கி முகாமுக்குப் போனபோது டென்ட் போட்டு, ஒவ்வொரு டென்ட் முன்னாலும் ஒரு சின்னப் பிளாஸ்டிக் கிண்ணத்தில் கைகால் கழுவ வெந்நீர் வைத்திருந்தார்.

அன்று ராத்திரி மழை. சிறுநீர் கழிக்க டார்ச்சோடு வெளியே வந்தவன் சாப்பாட்டு டென்டின் பக்கமாகப் போனேன். உள்ளே அவர்கள் படுத்திருந்தார்கள். ஒரே பிளாஸ்டிக் தாளை விரித்து அதன்மேல் வரிசையாக, ஒருவர் முதுகோடு ஒருவர் ஒட்டி, மேலே கம்பளி. ஓரத்தில் படுத்திருந்தவரின் காலடியில் மழைத்தண்ணீர் புகுந்து நின்றது. எனக்கு ஸ்லீப்பிங் பேக், அதற்கடியில் இரண்டு விரல் கனத்தில் மெத்தை, இரண்டையும் என் டென்டுக்குத் தூக்கி வந்தவர்கள் அவர்கள். அவர்களுக்குப் பாய்கூட இல்லை. விலை எங்கே குறைந்தது என்று அந்த இரவில்தான் புரிந்தது. திரும்பி வந்து படுத்தேன், தூங்க முடியவில்லை. அந்த நிறுவனத்துக்கு ஊர் வந்த பிறகு எழுதினேன், பதில் வரவில்லை.

அதனால் நீங்கள் பணம் கட்டுவதற்கு முன்னால் கேளுங்கள், வெட்கப்படாமல் கேளுங்கள். போர்ட்டர்களுக்குத் தனித் தூங்கும் டென்ட் உண்டா, தரையில் போட மெத்தை உண்டா, நாங்கள் சாப்பிடுவதைத்தான் அவர்களும் சாப்பிடுவார்களா, காலணி யார் கொடுக்கிறார்கள், ஒரு நாள் கூலி எவ்வளவு. ஒருவருக்கு 20 கிலோவுக்கு மேல் சுமை கூடாது என்று சட்டம் இருக்கிறது, தொடக்கச் சாவடியில் தராசில் தொங்கவிட்டு எடை பார்த்துத்தான் அனுப்புகிறார்கள். சட்டம் வருவதற்கு முன்பு இதைவிட மிக அதிகமாக ஏற்றினார்கள். ஆனால் படுக்கையையும் சோற்றையும் சாவடியில் யாரும் எடை போடுவதில்லை. ஒழுங்காக நடத்துகிற நிறுவனங்கள் இருக்கின்றன, அவர்கள் இந்தக் கேள்விகளுக்குத் தயங்காமல் பதில் சொல்வார்கள். கொஞ்சம் கூடுதலாக ஆகும். கொடுத்துவிடுங்கள்.

அந்தப் பாதையில் நடக்கும்போது எனக்குத் திரும்பத் திரும்ப வந்த நினைப்பு ஒன்று உண்டு. கொலம்பியாவிலிருந்து சிலி, அர்ஜென்டினா வரை இன்காக்களின் சாலை வலை 30,000 கிலோமீட்டருக்கு மேல் போகிறது. அவர்களிடம் சக்கரம் இல்லை, இரும்பு உளி இல்லை, குதிரை இல்லை. இருந்தது லாமாக்களும் மனித முதுகும். மிதா என்று ஒரு முறை, ஒவ்வொரு ஊரும் முறை வைத்து அரசுக்கு ஆள் அனுப்ப வேண்டும், அந்த ஆட்கள் வந்து சாலை போட்டார்கள், சுவர் எழுப்பினார்கள். நிலத்தை உழுதுவிட்டு முறைக்கு வந்தவர்கள்தான் நாம் வியக்கிற ஒவ்வொரு படியையும் வைத்தது. இன்றைக்கும் நிலத்தை உழுதுவிட்டு வருகிற அதே மலைக்காரர்கள் அதே படியில் நம் மூட்டையோடு ஏறுகிறார்கள். இடிபாடு என்று நாம் கல்லைப் பார்க்கப் போகிறோம். அதைக் கட்டியவர்களின் வம்சம் நமக்குக் காலையில் கோக்கா இலை டீ கொண்டுவந்து டென்ட் வாசலில் நீட்டுகிறது. கூட வருகிறவர்களின் பெயரை முதல் நாளே கேட்டு வைத்துக்கொள்ளுங்கள். கெச்சுவாவில் சுல்பாய்கி என்றால் நன்றி. ஸ்பானிஷ் வார்த்தையைவிட அதற்கு முகம் மலரும்.

மச்சு பிச்சுவைப் பார்க்கும்போது கோயிலையும் சுவரையும் மட்டும் பார்த்துவிட்டு வந்துவிடாதீர்கள். ஆண்டுக்குச் சுமார் 2,000 மில்லிமீட்டர் மழை பெய்கிற செங்குத்தான சரிவில் அந்த ஊர் சரியாமல் நிற்பதே பெரிய வேலை. கென்னத் ரைட் என்ற அமெரிக்க நீரியல் பொறியாளர் வருடக்கணக்கில் இதை ஆராய்ந்தார். மலை ஊற்றிலிருந்து 749 மீட்டர் நீளக் கால்வாய், அது வந்து விழுகிற 16 நீர்த்தொட்டிகள், முதல் தொட்டி அரசர் வீட்டருகே. படிவயல் ஒவ்வொன்றும் அடியில் பெரிய கல், அதன்மேல் ஜல்லி, மணல், கடைசியில் மண் என்று அடுக்கியது, மழைநீர் தேங்காமல் வடிந்துவிடும். கட்டுமான உழைப்பில் பாதிக்கு மேல் தரைக்குக் கீழேதான் இருக்கிறது என்பது அவர் கணக்கு.

இனி நடைமுறை. தொட்டபெட்டா உயரம் 2,637 மீட்டர் அல்லவா, இந்த நடை தொடங்குகிற இடமே ஏறக்குறைய அந்த உயரம். வெள்ளியங்கிரி உங்கள் காலைப் பழக்கியிருக்கும், நுரையீரலை இதற்குப் பழக்கியிருக்காது. குஸ்கோ நகரம் 3,400 மீட்டர், விமானத்தில் இறங்கியதுமே தலை கனக்கும். குறைந்தது மூன்று நாள் அங்கே தங்குங்கள், அல்லது முதலில் தாழ்வான ஒயான்தாய்தாம்போ ஊருக்குப் போய்விடுங்கள். குஸ்கோவில் காசா கோன்சா அருங்காட்சியகம் பாருங்கள். பிங்கம் அமெரிக்காவுக்குக் கொண்டுபோன பொருட்களை யேல் பல்கலைக்கழகம் நூறு வருடம் கழித்துத் திருப்பிக் கொடுத்து, இப்போது அங்கே இருக்கின்றன. பெப்ரவரியில் பாதையைப் பராமரிப்புக்கு மூடிவிடுவார்கள். மே முதல் செப்டம்பர் வரை மழை குறைவு, ஆனால் அந்த மாதங்களுக்கான அனுமதி பல மாதங்களுக்கு முன்பே தீர்ந்துவிடும். பாஸ்போர்ட் எண்ணோடு சேர்த்துத்தான் அனுமதி, வேறு ஆளுக்கு மாற்ற முடியாது. மகளுக்கு நான்கு நாள் வேண்டாமென்றால் ரயில் பாதையின் 104ஆவது கிலோமீட்டரில் இறங்கி ஒரே நாளில் வின்யாய் வாய்னா வழியாக நடந்து சேரும் குறுகிய பாதையும் உண்டு. பெரிய கணவாய் எதுவும் அதில் இல்லை, கடைசிப் பகுதி உங்கள் பாதையேதான். மூன்றாம் நாள் இறக்கம் முழுக்கக் கல்படி, அங்கே முழங்கால்தான் பேசும், அதற்கு இப்போதே வெள்ளியங்கிரியில் இறங்கும்போது நிதானமாக இறங்கிப் பழகுங்கள்.

கடைசி நாள் விடியற்காலை மூன்றரைக்கே எழுப்பிவிடுவார்கள். ஐந்தரை மணிக்குத் திறக்கிற சோதனைச் சாவடி முன்னால் நாம் வரிசையில் நிற்போம், அங்கிருந்து இன்டி புன்கு என்ற சூரிய வாசல் வரை நடந்தால் கீழே மச்சு பிச்சு தெரியும். போர்ட்டர்கள் அதற்கு வருவதில்லை. இருட்டிலேயே டென்டைச் சுருட்டிக்கொண்டு அவர்களுக்கான ரயிலைப் பிடிக்க மலைச்சரிவில் ஓடுவார்கள். அதற்கு முந்தின நாள் சாயங்காலமே நான் அந்தப் பெரியவரிடம் கைடு மூலமாகக் கேட்டிருந்தேன், எத்தனை வருடமாக இந்தப் பாதையில் வருகிறீர்கள் என்று. ஒன்பது வருடம் என்றார். மச்சு பிச்சு பார்த்திருக்கிறீர்களா? இல்லை, ரயில் நேரம் ஒத்துவராது என்றார். அதைச் சொல்லிவிட்டு என் தண்ணீர்ப் பாட்டிலை வாங்கி, ஆற வைத்த வெந்நீரை நிரப்பிக் கொடுத்தார்.

உங்கள் மூங்கில் தடி வேண்டாம், விமானத்தில் பெரும்பாடு. ஒயான்தாய்தாம்போ தெருவிலேயே கைத்தடி வைத்து விற்பார்கள், அங்கே ஒன்று வாங்கிக்கொள்ளுங்கள். அடியில் ரப்பர் குப்பி மாட்டியிருக்கிறதா என்று பாருங்கள், இல்லாவிட்டால் படிக்கல்லில் கீறல் விழும்.

அன்புடன்.