தாஸ்காவிலிருந்து போன் வந்தால் யார் ஓடுவது?

கேள்வி: அன்புள்ள அக்கா, எனக்கு வயது 36. செபராங் ஜெயாவில் இருக்கிறோம். பிறையில் ஒரு சரக்குப் போக்குவரத்து நிறுவனத்தில் ஒன்பது வருஷமாக வேலை. மனைவி பாயான் லெப்பாஸில் ஒரு மின்னணுத் தொழிற்சாலையில், தரக்கட்டுப்பாட்டுப் பிரிவில் இருக்கிறாள். மகன் தமிழ்ப்பள்ளியில் முதலாம் ஆண்டு. இரண்டு வயது மகளை வீட்டுக்குப் பக்கத்திலேயே ஒரு தாஸ்காவில் (குழந்தைப் பராமரிப்பு மையம்) விடுகிறோம். கட்டணம் நான்தான் கட்டுகிறேன். வீட்டு வேலை செய்யாத ஆள் இல்லை நான். பாத்திரம் கழுவுவேன், துணி காயப்போடுவேன், ஞாயிற்றுக்கிழமை மார்க்கெட்டுக்குப் போவதும் நான்தான்.

போன மாதம் மகளுக்குக் கை, கால், வாய் நோய் வந்தது. தாஸ்காவில் சேர்க்க மாட்டார்கள் என்பதால் மனைவி ஏழு நாள் லீவு போட்டாள். அடுத்த வாரம், அவள் எதிர்பார்த்திருந்த சூப்பர்வைசர் பதவி வேறு ஒருவருக்குப் போய்விட்டது. அன்றிலிருந்து என்னோடு சரியாகப் பேசுவதில்லை. "உங்களுக்கும் லீவு இருக்குல்ல?" என்று ஒரே ஒரு தடவை கேட்டாள். எங்கள் ஆபீசில் பிள்ளைக்குக் காய்ச்சல் என்று ஓர் ஆண் லீவு கேட்டால் சிரிப்பார்கள். கூலிமில் இருக்கும் என் அம்மா ரப்பர் தோட்டத்தில் வளர்ந்தவர். "பிள்ளைக்கு முடியலேன்னா தாய்தானே பார்க்கணும், நாங்கள்லாம் பார்க்கலையா" என்கிறார். மனைவியை இந்தப் பக்கமே ஒரு வேலை தேடச் சொல்லலாமா? சம்பளம் குறைந்தாலும் வீட்டில் நிம்மதி இருக்கும் அல்லவா?

– பெயர் வேண்டாம், பினாங்கு

பதில்: தம்பி, கடைசிக் கேள்விக்கே முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். சொல்லாதீர்கள். அவராக விரும்பி மாறினால் அது வேறு கதை. பதவி கைநழுவிப் போன கையோடு நீங்கள் போய், "சம்பளம் குறைந்தாலும் பரவாயில்லை, இந்தப் பக்கம் வந்துவிடு" என்றால் அவர் காதில் அது எப்படி விழும்? குறையப்போவது யாருடைய சம்பளம்?

உங்கள் கடிதத்தில் எனக்கு உறுத்தியது தூரம்தான். தாஸ்கா செபராங் ஜெயாவில், நீங்கள் பிறையில். காரில் பத்துப் பதினைந்து நிமிஷம். உங்கள் மனைவி இருப்பது கடலுக்கு அந்தப் பக்கம். போன் வந்ததும் அவர் மெனேஜரிடம் சொல்லி, வேலையை யாரிடமாவது ஒப்படைத்து, கார் நிறுத்துமிடத்துக்கு ஓடி, 13.5 கிலோமீட்டர் பாலத்தைத் தாண்டி வர வேண்டும். பாலத்தில் ஒரு விபத்து என்றால் அவ்வளவுதான், பிள்ளை தாஸ்கா ஆசிரியையின் மடியில் சுருண்டு கிடக்கும். கூப்பிடு தூரத்தில் தகப்பன் இருக்கும்போது போன் ஏன் பாயான் லெப்பாஸுக்குப் போகிறது? நீங்கள் எழுதவில்லை, ஆனால் பந்தயமே கட்டுவேன்: தாஸ்கா பதிவுப் பாரத்தில் முதல் போன் எண் அவருடையதாக இருக்கும். தூரம்தான் பிரச்சினை என்றால் அது எப்போதோ தீர்ந்திருக்க வேண்டும், தம்பி. நாளைக்கே அவருக்குப் பிறையில் வேலை கிடைத்தாலும் அந்தப் போன் அவருக்குத்தான் போகும்.

பாத்திரம் கழுவுவதை நான் குறைத்துச் சொல்லவில்லை. பல வீடுகளில் அதுகூட நடப்பதில்லை. ஆனால் பாத்திரம் ராத்திரி ஒன்பது மணிக்கும் காத்திருக்கும், பத்து மணிக்கும் காத்திருக்கும். நீங்கள் அதைக் கழுவியதும் கழுவாததும் உங்கள் மேலதிகாரிக்குத் தெரியப்போவதில்லை. பகல் பதினோரு மணிக்கு, மீட்டிங் நடுவில் வருகிற போன் அப்படி இல்லை. யார் எழுந்து போகிறாரோ அவருடைய பெயரில் அது ஏறிவிடும். வருடக் கடைசியில் மதிப்பீடு எழுதும்போது "அடிக்கடி அவசர லீவு எடுப்பவர்" என்று மெனேஜருக்கு நினைவு வருவது அந்தப் பெயர்தான். அதனால்தான், கணவன் மனைவி இருவரும் வேலைக்குப் போகும் வீட்டில் முதலில் பங்கிட வேண்டியது லீவு என்பேன். பாத்திரமும் துணியும் அப்புறம்.

கணக்கு போட்டுப் பாருங்கள். மலேசியாவின் 1955ஆம் ஆண்டு வேலைவாய்ப்புச் சட்டப்படி வருட விடுப்பு குறைந்தது இவ்வளவு: ஒரே இடத்தில் இரண்டு வருஷத்துக்குள் என்றால் 8 நாள், இரண்டிலிருந்து ஐந்து வருஷத்துக்குள் 12, அதற்கு மேல் 16. ஒன்பது வருஷம் ஆன உங்களுக்கு 16 நாளாவது இருக்கும். தனியார் நிறுவன ஊழியருக்குப் பிள்ளையின் நோய்க்கென்று தனி விடுப்பு அந்தச் சட்டத்தில் கிடையாது. எம்சி என்கிற மருத்துவச் சான்றிதழ் விடுப்பு ஊழியர் தாமே நோய்வாய்ப்பட்டால்தான். ஆகவே பிள்ளையின் ஒவ்வொரு காய்ச்சலும் யாரோ ஒருவருடைய வருட விடுப்பைத்தான் தின்னும். கை, கால், வாய் நோய் ஏழிலிருந்து பத்து நாள் இழுக்கும். வாய்ப்புண்ணால் கஞ்சிகூட இறங்காது, ராத்திரி தூக்கமும் போய்விடும். அதற்கென்று தனி மருந்தும் இல்லை, தானாக ஆறும்வரை பார்த்துக்கொள்ள வேண்டியதுதான். இந்த ஒரு நோயிலேயே உங்கள் மனைவிக்கு ஏழு நாள் போய்விட்டது. உங்களுடையதில் எத்தனை போனது? கடிதத்தில் அதைப் பற்றி ஒரு வரி இல்லை.

(சிலர் பிள்ளைக்குக் காய்ச்சல் என்றதும் தெரிந்த கிளினிக்கில் தங்கள் பெயரில் ஒரு எம்சி வாங்கிவிடுகிறார்கள். அந்தப் பக்கமே போகாதீர்கள். பொய் எம்சி மாட்டினால் வேலையே போகலாம்.)

ஆக, நாளைக் காலையில் மகளை விடப் போகும்போது தாஸ்காவில் முதல் எண்ணாக உங்கள் எண்ணை எழுதச் சொல்லுங்கள். பள்ளியிலும் அப்படியே. வாட்ஸ்ஆப் குழுவில் நீங்களும் சேர்ந்துகொள்ளுங்கள், சும்மா பார்த்துக்கொண்டிருக்காமல் பதிலும் போடுங்கள். ஆசிரியைக்கு முதலில் வினோதமாக இருக்கும். பழக்க தோஷத்தில் உங்கள் மனைவியைத்தான் கூப்பிடுவார். "அப்பாவைக் கூப்பிடுங்கள்" என்று இன்னொரு தடவை சொல்ல வேண்டியிருக்கும். அந்த இன்னொரு தடவையையும் நீங்களே சொல்லுங்கள், மனைவி வாயால் சொல்ல விடாதீர்கள். கட்டணம் கட்டுவது நான்தான் என்று எழுதியிருந்தீர்களே, பதிவு பெற்ற தாஸ்கா என்றால் அந்தக் கட்டணத்துக்கு வருடத்துக்கு 3,000 ரிங்கிட் வரை வருமான வரிக்கழிவும் உங்கள் வரிப் பாரத்தில்தான் போகிறதோ என்னவோ. ரசீதில் அப்பா பெயர், காய்ச்சலுக்கு அம்மா எண் என்றால் நன்றாகவா இருக்கிறது?

ஆபீசில் சிரிப்பார்கள் என்கிறீர்கள். சிரிப்பார்கள்தான். சிரித்தால் சிரிக்கட்டும் என்று நான் இங்கே உட்கார்ந்துகொண்டு வீரம் பேசுவது சுலபம். முதல் தடவை "என்னப்பா, வீட்டில் நீதான் அம்மாவா?" என்று யாராவது கேட்பார். இரண்டு மூன்று தடவையில் அவருக்கே சலித்துவிடும். மெனேஜர் முகம் சுளித்தால் அதற்கு ஒரு விலை உண்டு, அதை நான் மறைக்கவில்லை. ஆனால் அந்தச் சுளிப்பை உங்கள் மனைவி மகன் பிறந்ததிலிருந்தே பார்த்துக்கொண்டிருக்கிறார். இந்தத் தடவை அதற்கு ஒரு பதவியையும் கொடுத்திருக்கிறார் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. பாதி பாதி என்றால் இந்தச் சுளிப்பிலும் பாதி உங்களுக்கு வர வேண்டும்.

சட்டத்தில் உங்களுக்குச் சாதகமாக ஒன்று இருக்கிறது. 2023 ஜனவரி 1 முதல் நடப்புக்கு வந்த திருத்தப்படி, வேலை நேரத்தையோ வேலை நாளையோ வேலை செய்யும் இடத்தையோ மாற்றித் தரும்படி ஊழியர் எழுத்து மூலம் விண்ணப்பிக்கலாம். நிறுவனம் 60 நாளுக்குள் எழுத்திலேயே பதில் தர வேண்டும், மறுத்தால் காரணமும் சொல்ல வேண்டும். கட்டாயம் கொடுத்தே ஆக வேண்டும் என்று இல்லை. ஆனாலும் "வாரத்தில் இரண்டு நாள் ஒரு மணி நேரம் முன்னதாக வந்து முன்னதாகக் கிளம்புகிறேன்" என்பது பல ஆபீசுகளில் நடக்கக்கூடிய காரியம். இதைக் கேட்க வேண்டியவர்கள் பெண்கள் என்று சட்டத்தில் எங்கும் எழுதியிருக்கவில்லை.

இனி அம்மா. தோட்டத்தில் வளர்ந்தவர் என்கிறீர்கள், அது நல்லதாயிற்று. சண்டைக்குப் போகாமல், கதை கேட்பதுபோல ஒன்று கேளுங்கள்: பாட்டி விடியற்காலையில் பிரட்டுக்கு (வேலைக்கு ஆள் கணக்கெடுக்கும் இடம்) போய், அப்படியே பால்மரம் வெட்டக் காட்டுக்குள் போனாரே, கைக்குழந்தைகளை யார் பார்த்துக்கொண்டார்கள்? ஆயாக்கொட்டகை என்றுதான் பதில் வரும். வரிசையாகத் தொட்டில் கட்டி, ஒரு ஆயாம்மா அத்தனை பிள்ளைகளையும் பார்த்துக்கொள்வார். லயத்தில் (தோட்டத்து வரிசை வீடுகள்) பக்கத்து வீட்டுக் கிழவி வேறு ஒரு கண் வைத்திருப்பார். தாத்தாவும் பாட்டியும் ஆளுக்கொரு வெட்டுக்கத்தியோடுதான் வீட்டை விட்டுக் கிளம்பினார்கள். நம் ஆட்களிடையே இருவர் சம்பளத்தில் குடும்பம் ஓடுவது நேற்று முளைத்த பட்டணத்து வழக்கம் ஒன்றும் இல்லை. 1972இல் பாயான் லெப்பாஸில் தடையற்ற வணிக வட்டாரம் தொடங்கியபோதும், அங்கே உற்பத்தி வரிசையில் உட்கார்ந்தவர்களில் பெரும்பாலோர் இளம்பெண்கள்தான். காட்டிலிருந்து திரும்பிய பிறகு அடுப்பு பாட்டியிடம்தான் இருந்தது, அதையும் சொல்லத்தான் வேண்டும். ஆனால் "நாங்கள்லாம் பார்க்கலையா" என்று அம்மா சொல்கிற அந்தக் காலத்தில், பகல் பொழுதில் பிள்ளையைத் தாய் தனியாகப் பார்க்கவில்லை. தோட்டங்கள் துண்டாடப்பட்டு லயங்கள் காலியானபோது ஆயாம்மாவும் போய்விட்டார். அவருடைய வேலை இப்போது உங்கள் மனைவியின் வருட விடுப்பில் வந்து உட்கார்ந்திருக்கிறது.

இந்தப் பேச்சை அம்மாவிடம் நீங்கள்தான் பேச வேண்டும். மருமகள் பேசினால் அது வேறு மாதிரி திரும்பும், உங்களுக்கே தெரியும். அடுத்த தடவை பிள்ளைக்கு முடியாமல் போய், நீங்கள் வீட்டில் இருக்கும்போது அம்மா போன் செய்து "அவ எங்கே?" என்று கேட்டால், "வேலைக்குப் போயிருக்கா, நான் பார்த்துக்கிறேன்" என்று சாதாரணமாகச் சொல்லுங்கள். விளக்கம் வேண்டாம்.

உங்கள் மனைவி இதைப் படிக்க நேர்ந்தால் அவருக்கும் ஒரு வார்த்தை. தம்பி பிள்ளையோடு வீட்டில் இருக்கும் நாளில் பாயான் லெப்பாஸிலிருந்து மணிக்கு ஒரு தடவை போன் போடாதீர்கள், அம்மா. மருந்து நேரத்தை எழுதி வைத்துவிட்டுப் போங்கள், போதும். கஞ்சி கட்டிதட்டினால் தட்டட்டும்.

தம்பி, அவரிடம் நீளமாக மன்னிப்புக் கேட்டுப் பேச வேண்டாம். போன பதவி பேச்சால் திரும்ப வராது, இப்போது எதைச் சொன்னாலும் அவர் நம்புவதும் கஷ்டம். இருவருடைய லீவுக் கணக்கையும் ஒரே தாளில் எழுதுங்கள். மீதி எத்தனை, பள்ளி விடுமுறை எப்போது, தாஸ்கா எந்த நாளில் மூடும். போன மாதத்து ஏழு நாள் அவர் பக்கத்தில் ஏற்கெனவே கழிந்துவிட்டது, ஆகவே இந்த வருஷம் இனி வரும் முதல் ஏழு நாள் உங்களுடையது. அதற்குப் பிறகு ஒரு நாள் நீங்கள், ஒரு நாள் அவர், முக்கியமான மீட்டிங் இருந்தால் ஆளுக்கு அரை நாள் என்று பேசிக்கொள்ளலாம். அடுத்த பள்ளி விடுமுறையில் மகனை யார் பார்ப்பது என்று அவர் இந்நேரம் மனசுக்குள் கணக்குப் போடத் தொடங்கியிருப்பார். அந்த நாள்களுக்கான லீவு விண்ணப்பத்தை உங்கள் ஆபீசில் கொடுத்துவிட்டு, அப்புறம் பேச்சை எடுங்கள்.