ஏழு பேரும் அரைப் பேரும்

கேள்வி: சட்டம் படிக்காத ஏழு பேர ஒக்கார வச்சி கொலை வழக்குக்கு தீர்ப்பு கேக்குற ஜூரி முறை நம்ம இலங்கைக்கு இன்னும் எதுக்கு? நீதிபதிகிட்டயே விட்றலாமே?
- வாசகி, பண்டாரவளை

பதில்: ஏழு "பேர்"னு எழுதிட்டீங்களே தங்கச்சி, இனி நான் எங்க சட்டத்துக்கு வர்றது! தேயிலைத் தோட்டத்துல பேர்னா ஆள் இல்ல, ஒரு நாள் சம்பளம். காலையில ஆள் கணக்கெடுக்குற பெரட்டுக்கு நின்னு அட்டக்கடியில மழையில நனைஞ்சி கொழுந்தெடுத்து தராசுல போட்டா ரெண்டு கிலோ கொறையுதுனு கணக்கப்புள்ள அரைப் பேர் போட்ருவாரு. எங்கம்மா ஒருநாள் கேட்டுட்டாங்க, "நான் முழுசாத்தானே மலைக்கு வந்தேன், மிச்சப் பாதி எங்கய்யா?" "கொழுந்துல ஒட்டியிருக்க தண்ணிக்கு கழிச்சாச்சு"ன்னாரு மனுசன். அப்பீலே கெடையாது. போலீசும் அவருதான் நீதிபதியும் அவருதான், தராசும் அவரோடது. அதனால ஒத்த ஆளு கையில தராசக் குடுக்கலாம்னு யாராச்சும் சொன்னா எனக்கு வயித்தக் கலக்கும்.

ஜூரி 1811ல வெள்ளக்காரன் கொண்டாந்தது. ஏழு பேர்ல அஞ்சு பேராவது ஒத்துப்போகணும், அது மோசமில்ல. கோளாறு வேற எடத்துல. எந்த மொழி ஜூரினு குற்றம் சாட்டப்பட்டவர் தேர்ந்தெடுக்கலாம், செத்தவங்க வீட்டாளுங்களுக்கு அந்த உரிமை இல்ல. தமிழ் எம்பி ரவிராஜ் கொலை வழக்குல சிங்கள மொழி ஜூரிதான், 2016 டிசம்பர்ல நடுச்சாமம் தாண்டி எல்லாரும் விடுதலை. அதே வருசம், தமிழ்ச் சனங்களக் கொன்னதா ராணுவக்காரங்க மேல நடந்த குமாரபுரம் படுகொலை வழக்கு, திருகோணமலையிலருந்து சிங்களவங்க அதிகமா இருக்குற அனுராதபுரத்துக்கு தூக்கிட்டுப் போயி அங்கயும் ஜூரி, அங்கயும் விடுதலை.

அப்ப நீங்க சொல்றது சரின்னு படும். ஆனா ஒங்க ஊருக்குப் பக்கத்துலயே பிந்துனுவெவ இருக்கே! 2000 ஒக்டோபர்ல ஒரு கும்பல் அங்க இருந்த புனர்வாழ்வு முகாமுக்குள்ள பூந்து 25க்கும் மேல தமிழ்ப் பையன்கள கொன்னாங்க. அதுக்கு ஜூரியே இல்ல, மேல் நீதிமன்றத்துல மூணு நீதிபதிங்க விசாரிச்சி 2003ல அஞ்சு பேருக்கு மரண தண்டனை குடுத்தாங்க. 2005க்குள்ள உயர் நீதிமன்றம் அத்தன பேரையும் விட்ருச்சு. படிச்ச தராசும் இப்பிடித்தான் நிக்கிது. ஜூரிய எடுக்குறத விட, ரெண்டு மொழிக்காரங்களும் கலந்து ஒக்கார்ற ஜூரி கேளுங்க, அதத்தான் நான் கேப்பேன். இதச் சொன்னதுக்கு ஒரு கொழும்பு சட்டத்தரணி எனக்கு மூணு பக்கம் கடிதம் எழுதினாரு, இங்கிலீசுல. இன்னும் வாசிக்கல.

தொழிற்சங்கத் தலைவருங்க தேர்தலுக்குத் தேர்தல் நல்ல தராசு வரும்னு சொல்றாங்களே, வந்துச்சா? ஒங்க தோட்டத்துல இப்ப தண்ணிக்கு எத்தன கிலோ கழிக்கிறாங்கனு அடுத்த கேள்வியில எழுதுங்க.