45-ஐயும் 55-ஐயும் நேரடியாக ஒப்பிடாதீர்கள்

வணக்கம். 2030-க்குள் இந்தியா 45 சதவீதம், ஐரோப்பிய ஒன்றியம் 55 சதவீதம் பசுங்குடில் வாயு உமிழ்வைக் குறைக்கும் என்று படித்துவிட்டு, "வித்தியாசம் 10 சதவீதம்தான் என்று கட்டுரையில் எழுதலாமா?" என்று கேட்டிருந்தீர்கள். தயவுசெய்து எழுதிவிடாதீர்கள். இரண்டும் வேறு வேறு அளவுகோல்கள்.

ஐ.நா.விடம் அளித்த காலநிலை இலக்கு ஆவணங்களைப் பாருங்கள். ஐரோப்பிய ஆவணம் பேசுவது மொத்த உமிழ்வை, 1990-ஐ அடிப்படை ஆண்டாக வைத்து. அதிலுள்ள 'நிகர' என்ற சொல்லையும் விட்டுவிடாதீர்கள். காடும் மண்ணும் உறிஞ்சுவதைக் கழித்த கணக்கு அது. இந்தியா 2022-ல் அளித்த ஆவணத்தில் இருப்பதோ உமிழ்வுச் செறிவு, அதாவது உள்நாட்டு உற்பத்தியின் ஓர் அலகுக்கு எவ்வளவு உமிழ்வு என்பது. அடிப்படை ஆண்டு 2005.

ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள். பொருளாதாரம் 3 மடங்காகிச் செறிவு 45 சதவீதம் குறைந்தால், மொத்த உமிழ்வு 1.65 மடங்காகியிருக்கும். இலக்கை எட்டியும் உமிழ்வு கூடியிருக்கும்! இதை ஏமாற்று என்று சொல்வது நியாயமில்லை. வளரும் நாடுகளுக்கு 2015 பாரிஸ் ஒப்பந்தமே அந்த இடம் தருகிறது.

செய்திக்குறிப்பை நம்பாமல் மூல ஆவணத்தையே எடுங்கள். ஐ.நா. காலநிலை அமைப்பின் பொதுப் பதிவேட்டில் இரண்டும் இருக்கின்றன. முதலில் அடிப்படை ஆண்டைத் தேடுங்கள்.