கிறிஸ் மெங்கஸ்: கேமராமேன் பற்றிச் சில கேள்விகள்

கேள்வி: அண்ணா, 'தி கில்லிங் ஃபீல்ட்ஸ்' படத்தின் கேமராமேன் டிவியிலிருந்து வந்தவராமே?

பதில்: ஆமாம் தம்பி. 1940-ல் இங்கிலாந்தில் பிறந்தவர். 1963-ல் கிரனடா டிவி தொடங்கிய 'வேர்ல்ட் இன் ஆக்‌ஷன்' என்ற ஆவணத் தொடருக்கு இளவயதிலேயே கேமரா தூக்கினார். நிறவெறி ஆட்சி நடந்த தென்னாப்பிரிக்காவுக்கும் போனார். பிறகு ஆவணப்பட இயக்குநர் ஏட்ரியன் கோவெல்லோடு பர்மாவின் ஷான் மலைகளில் அபின் வியாபாரத்தைப் படம்பிடிக்க, ஒரு வருஷத்துக்கு மேல் அங்கேயே கிடந்தார். அங்கே இன்னொரு டேக் கேட்க முடியாது. நடப்பது நடக்கும்வரை காத்திருந்து எடுக்கும் பழக்கம் அந்த வேலையில் வந்ததுதான்.

கேள்வி: 'கெஸ்' படத்துக்கு லைட்டே போடவில்லையா சார்?

பதில்: போட்டார்கள், நம் கண்ணில் படாமல். 1969-ல் வந்த படம், இயக்கம் கென் லோச், கேமரா மெங்கஸ். பார்ன்ஸ்லி ஊர்ப் பையன் டேவிட் பிராட்லி அதற்கு முன் சினிமாவில் நடித்ததே இல்லை. "இந்தக் கோட்டில் நில்" என்று சொன்னால் அவன் முகம் இறுகிவிடும். அதனால் ஜன்னல் பக்கமிருந்து அறை முழுக்கப் பரவுகிற மாதிரி வெளிச்சம் வைத்தார்கள். யார் எங்கே போனாலும் முகம் தெரியும். கேமரா தள்ளி நிற்கும், லென்ஸ்தான் கிட்டே போகும். பையன் வகுப்பின் முன்னால் நின்று தன் வல்லூறைப் பழக்கிய கதையைச் சொல்லும் காட்சியைப் பாருங்கள். தயங்கித் தயங்கி ஆரம்பித்தவன், போகப் போகக் கேமராவையே மறந்துவிடுகிறான். எனக்கு அவருடைய ஆஸ்கர் படங்களைவிட அந்தச் சில நிமிஷங்கள் பெரிது.

இந்தப் பாணிக்கு ஒரு குருவும் உண்டு. செக் கேமராமேன் மிரோஸ்லாவ் ஓந்த்ரிசெக் 'இஃப்' படத்தை எடுத்தபோது, கேமரா ஆபரேட்டராக இருந்தவர் மெங்கஸ்தான்.

கேள்வி: டிவிக்கு எடுத்த கதைப்படங்களில் எதிலிருந்து தொடங்கலாம்?

பதில்: 1983-ல் ஐடிவியில் வந்த 'மேட் இன் பிரிட்டன்'. ஆலன் கிளார்க் இயக்கம், டிம் ராத் நடித்த முதல் படம். ஸ்டெடிகேம், அதாவது உடம்பில் மாட்டிக்கொண்டு குலுங்காமல் எடுக்கும் கேமரா, அவர் நடித்த மொட்டைத்தலைப் பையனை விடாமல் தொடரும். அவன் நடக்கிற வேகம்தான் கேமராவுக்கும்.

கேள்வி: ஆஸ்கர் எத்தனை?

பதில்: இரண்டு. 'தி கில்லிங் ஃபீல்ட்ஸ்' (1984), 'தி மிஷன்' (1986).

கேள்வி: படம் இயக்கியிருக்கிறாரா அண்ணா?

பதில்: 1988-ல் 'எ வேர்ல்ட் அபார்ட்'. கான் திரைப்பட விழாவில் கிராண்ட் ப்ரீ விருது வாங்கியது. கதை நடப்பது அவர் இளைஞனாகக் கேமராவோடு போய்ப் பார்த்த அதே 1960-களின் தென்னாப்பிரிக்காவில். அந்தப் படத்தில் கேமராவைப் பீட்டர் பிஸியூவிடம் கொடுத்துவிட்டார்.