சிண்ட்ரா, கஷ்காய்ஷ்: முழங்கால் வலியுள்ள அம்மாவோடு ஒரு நாள்

போர்ச்சுகலின் லிஸ்பனிலிருந்து சிண்ட்ரா, கஷ்காய்ஷ் ஊர்களுக்கு எட்டுப் பேர் போகும் வேன் சுற்றுலா, முழங்கால் வலியுள்ள அம்மாவுக்குச் சரிப்படுமா என்று கேட்டிருந்தீர்கள். தாராளமாகக் கூட்டிப் போங்கள். சிக்கல் சிண்ட்ராவில் மலைமேல் இருக்கும் பேனா அரண்மனையில்தான். பூங்கா வாசலிலிருந்து செங்குத்தான ஏற்றம். அரண்மனைக்குள் நுழையும் நேரமும் டிக்கெட்டிலேயே குறித்திருக்கும். மேலே போக மினி பஸ் உண்டு. அதன் கட்டணம் சுற்றுலாவில் சேருமா என்று முன்பே கேட்டுவிடுங்கள். முடியாவிட்டால் சிண்ட்ரா ஊருக்குள்ளேயே இருக்கும் தேசிய அரண்மனைக்குப் போங்கள். அங்கும் படிகள் உண்டு, ஆனால் மலையேற வேண்டாம். சமையலறைக்கு மேல் 33 மீட்டர் உயரமுள்ள, வெள்ளைவெளேரென்று இரண்டு கூம்புப் புகைபோக்கிகள். எனக்கு அதுதான் ரொம்பப் பிடிக்கும். அப்புறம், கடலோரப் பாறை முனையான ரோக்கா முனையில் காற்று ஆளையே தள்ளும், அம்மாவுக்கு ஸ்வெட்டர் கட்டாயம். கஷ்காய்ஷ் கடலோரம் சமதளம், நிம்மதியாக நடக்கலாம்.