கதிரையில் இருப்பவள்: வாசகர் கேள்வி – பதில்

பெண் தலைவர்களைத் திரைப்படம் காட்டும் விதம் பற்றி வந்த கேள்விகளை இம்முறை ஒன்றாகச் சேர்த்திருக்கிறோம்.

மட்டக்களப்பில் பெண்கள் அரசாங்க அதிபராக இருந்திருக்கிறார்கள். உலகின் முதல் பெண் பிரதமரே 1960இல் இந்த நாட்டில்தான் பதவியேற்றார். ஆனால் தமிழ்ப் படத்தில் பதவியில் இருக்கும் பெண் ஒன்றில் ஆணவக்காரி, இல்லாவிட்டால் தியாகி. ஏன் இப்படி?
– வாசகி, களுவாஞ்சிகுடி

இந்த அச்சு சினிமாவுக்கு முந்தியது. அல்லி அரசாணி கதையை எடுங்கள். மதுரையைத் தனியாக ஆண்டவள். அர்ச்சுனன் பாம்பாக உருமாறி அவள் படுக்கைக்குப் போய், தூங்கும்போது தாலியைக் கட்டிவிடுகிறான். அத்தோடு அரசாட்சிக் கதை நின்று குடும்பக் கதை தொடங்கிவிடுகிறது. அவள் எப்படி ஆண்டாள், வரியை எப்படி வாங்கினாள் என்று கேட்க ஆள் இல்லை. "அல்லி ராச்சியம்" என்ற கிண்டல் மட்டும் மிஞ்சியது.

1992இல் வந்த 'மன்னன்' அதே கதையைத் தொழிற்சாலைக்குள் கொண்டுபோனது. விஜயசாந்தி நடத்தும் நிறுவனம், அங்கே வேலைக்கு வந்து தொழிலாளர் தலைவனாகும் ரஜினிகாந்த், கல்யாணம், கடைசியில் அவள் நிர்வாகத்தை விட்டு வீட்டுக்குப் போகிறாள். முதலாளியாக அவள் செய்த பிழைக்கு எத்தனையோ தண்டனை இருக்க, படம் தேடிப் பிடித்தது அடுப்படியை. 'படையப்பா' (1999) நீலாம்பரியிடம் பணமும் ஆளும் செல்வாக்கும் இருக்கின்றன; ஆனால் அவ்வளவும் ஒரு ஆணைப் பழிவாங்கவே செலவாகிறது. 'கொடி'யில் (2016) திரிஷாவின் ருத்ரா அரசியலை உண்மையாகவே தெரிந்தவள். அந்தப் பாத்திரத்தின் முதல் பாதி தமிழில் அபூர்வம். பிறகு பதவி ஆசையைக் கொலைவரை இழுத்துக்கொண்டு போய்விட்டார்கள். ஆண் நாயகனுக்கு அதே ஆசை வந்தால் அதற்கு இலட்சியம் என்று பெயர்.

'அறம்' (2017) வேறு வழியில் போனது. ஆழ்துளைக் கிணற்றில் விழுந்த குழந்தையை மீட்க நயன்தாராவின் கலெக்டர் தொலைபேசி எடுக்கிறார், காத்திருக்கிறார், ஆட்களை ஏவுகிறார், கடைசியில் ஆபத்தான ஒரு முடிவைத் தன் தலையில் போட்டுக்கொள்கிறார். வேலை செய்யும் அதிகாரியைப் பார்க்கிறோம். ஆனாலும் முடிவில் அவர் பதவியைத் துறக்கிறார். கொள்கைக்காகத்தான், மறுக்கவில்லை. ஆனால் கதிரையில் இருந்தபடியே ஒரு பெண்ணை வெல்லவிட நம் திரைக்கதைகளுக்கு இன்னும் கை வரவில்லை.

காரணம் இரண்டு. படத்துக்குப் பணம் வருவது ஆண் நடிகரின் பெயரில்; ஆகவே அதிகாரமுள்ள பெண் அவருக்கு எதிரியாகவோ தாயாகவோதான் பொருந்துகிறாள். மற்றது, எழுதுபவருக்கு ஒரு கந்தோர் எப்படி நடக்கிறது என்று தெரியாது. கோப்பு எங்கிருந்து வருகிறது, யார் கையெழுத்து வைக்க வேண்டும் என்பது தெரியாதபோது கத்தலும் அறையும் அந்த இடத்தை நிரப்புகின்றன.

அடித்து நொறுக்கும் பெண் பொலிஸ் படங்கள் முன்னேற்றம்தானே?
– வாசகர், அக்கரைப்பற்று

பாதி. விஜயசாந்திக்குத் தேசிய விருது வாங்கித்தந்த தெலுங்குப் படம் 'கர்த்தவ்யம்' (1990), தமிழில் 'வைஜெயந்தி ஐ.பி.எஸ்.' என்று வந்தது. பெண்ணை நடுவில் வைத்தாலும் சண்டைப் படம் ஓடும் என்று அது காட்டியது. ஆனால் பொதுவாக இந்த வகைப் படங்களில் பலம் கைமுட்டியில் இருக்கிறது, பதவியில் இல்லை. சீருடையைக் கழற்றிவிட்டுப் பாருங்கள்: கதை அப்படியே நடந்தால், அவள் வெறும் சண்டைக்காரி.

12 நிமிடக் குறும்படம் ஒன்று எடுக்கிறோம். பிரதேச சபையில் ஒரு பெண் உறுப்பினர் தவிசாளராகும் கதை. போனில்தான் படப்பிடிப்பு. ஒத்திகையைப் போட்டுப் பார்த்தால் நாயகி எந்நேரமும் கத்துவதுபோலவே இருக்கிறது. என்ன பிழை?
– இளைஞர் குழு, திருக்கோவில்

முதலில் சத்தத்தைப் பாருங்கள். இது பெரும்பாலும் நடிகையின் பிழை இல்லை. போன் 8, 10 அடி தள்ளி நிற்கிறது, மேலே மின்விசிறி சுழல்கிறது, வெளியே முச்சக்கரவண்டி போகிறது. அதையெல்லாம் தாண்டிக் கேட்க வேண்டும் என்று அவர் குரலை உயர்த்துகிறார். சட்டையில் குத்தும் சிறிய மைக் ஒன்று வாங்குங்கள் அல்லது இரவல் எடுங்கள். நாடியிலிருந்து ஒரு சாண் கீழே, சட்டை ஓரத்தில் குத்த வேண்டும். முந்தானையில் குத்தினால் அவர் அசையும்போதெல்லாம் சரசரக்கும். எடுக்கும் நேரம் மின்விசிறியை நிறுத்தி, வீதிப் பக்க யன்னலை மூடுங்கள். யாரும் பேசாத மண்டபத்தை அரை நிமிடம் பதிந்து வையுங்கள். வெட்டி ஒட்டும் இடங்களில் அடியில் போட உதவும். பிறகு நாயகியிடம் மேசைக்கு எதிரே இருப்பவருக்கு மட்டும் கேட்கும்படி பேசச் சொல்லுங்கள். பாதிக் கத்தல் அங்கேயே போய்விடும்.

அடுத்தது கதிரை. 'படையப்பா'வில் தன்னை நிற்கவைத்து அவமதிக்கும் நீலாம்பரியின் முன், நாயகன் மேலே இருந்த ஊஞ்சலைத் துண்டால் இழுத்து இறக்கி உட்காருவார். யார் இருக்கிறார், யார் நிற்கிறார் என்பதிலேயே அந்தக் காட்சி முடிந்துவிடுகிறது. உங்கள் படத்தில் நாயகி கதவைத் திறந்து மெதுவாக நடந்து வரும் காட்சியை விட்டுவிடுங்கள். அவர் முன்னமே இருக்கட்டும், கோப்பு திறந்தபடி. மற்றவர்கள் உள்ளே வரட்டும்.

கமராவைக் கீழிருந்து மேலே பார்க்கவைத்தால் கம்பீரம் வரும் என்று நினைக்க வேண்டாம். மூக்குத் துவாரமும் வில்லித்தனமும்தான் வரும். இருப்பவரின் கண்மட்டம் தரையிலிருந்து ஏறக்குறைய 4 அடி. லென்ஸும் அந்த உயரத்திலேயே நிற்கட்டும். போனின் பிரதான லென்ஸ் அகலமானது. 2 அடியில் வைத்து முகத்தை எடுத்தால் மூக்கு வீங்கும். 6 அடி பின்னால் போய் 2 மடங்கு லென்ஸில் எடுங்கள். நடிகை குள்ளமாக இருந்து மேசை அவரை நெஞ்சுவரை விழுங்கினால், கதிரையில் தலையணையை மடித்துப் போட்டு உயர்த்துங்கள். இதைக் கவனிக்காமல் தவிசாளரைப் பள்ளிக்கூடப் பிள்ளைபோல் ஆக்கிய குறும்படங்கள் நிறைய.

எடிட்டிங்கில் எல்லோரும் விடும் தவறு: அவள் கட்டளை சொல்லி வாய் மூடுமுன் ஒரு ஆணின் முகத்துக்கு வெட்டுவது. அப்போது பார்ப்பவர் அவள் சொன்னதை அவன் முகத்தை வைத்துத்தான் எடைபோடுவார். 2 விநாடி அவளிலேயே நில்லுங்கள். பிறகு முகத்துக்குப் போக வேண்டாம். எழுதத் தொடங்கும் கைக்கு, எழுந்து போகும் காலுக்குப் போங்கள். சொன்னது நடக்கிறது என்று தெரிந்தால் போதும்.

கதைக்கும் ஒரு வார்த்தை. உள்ளூராட்சி சபைகளில் 25 வீதம் பெண்கள் என்ற சட்டம் 2016இல் வந்து, 2018 பெப்ரவரித் தேர்தலில் முதன்முதல் நடைமுறையானது. வட்டார வேட்புமனுவில் 10 வீதமும், வட்டாரம் குறிக்காத மேலதிகப் பட்டியலில் 50 வீதமும் பெண்கள் என்பதால், பலர் பட்டியல் வழியாகவே சபைக்கு வந்தார்கள். "உங்களுக்கு வட்டாரமே இல்லையே" என்று ஒரு ஆண் உறுப்பினர் சொல்லும் இடத்தில் உங்கள் மோதல் தயாராக இருக்கிறது. மதகு ஒன்றுக்கான பிரேரணை, அதை வழிமொழிய ஒருவர், தொழில்நுட்ப உத்தியோகத்தரின் மதிப்பீடு, யார் பக்கம் எத்தனை கை என்ற கணக்கு. நாயகி இவற்றைத் தெரிந்தவளாக இருந்தால் கத்தத் தேவையே வராது. "வாங்க மகள்" என்று அழைத்த மூத்த உறுப்பினர் ஒரு அமர்வில் "தவிசாளர் அவர்களே" என்று எழுந்து நிற்கட்டும். அதற்குப் பின்னணி இசை வேண்டாம்.

இன்னொன்று. மாமியார் வீட்டில் அடைபட்ட மருமகள் காட்சியைத் தமிழ்நாட்டுப் படங்களிலிருந்து தூக்கி வைக்காதீர்கள். நம் பக்கத்தில் வழக்கமாக வீடு சீதனமாகப் பெண்ணுக்குப் போகிறது. மாப்பிள்ளைதான் அங்கே வந்து சேருகிறார். தடை வருவதானால் அவள் தாயிடமிருந்தோ தாய்மாமனிடமிருந்தோ கட்சிக்காரரிடமிருந்தோ வரட்டும்.

மனைவி பெயருக்குத் தலைவி, ஆள்வது கணவன் என்று காட்டினால் அது பெண்களைக் கேவலப்படுத்துவது ஆகாதா?
– வாசகி, வாழைச்சேனை

எங்கே கொண்டுபோய் முடிக்கிறார்கள் என்பதைப் பொறுத்தது. 2020இல் தொடங்கிய 'பஞ்சாயத்' என்ற இந்தித் தொடரில் நீனா குப்தாவின் மஞ்சு தேவிதான் தெரிவான தலைவர். வேலையைக் கணவர் பார்க்கிறார். அதைப் பகிடியாக மட்டும் விடாமல், அவர் கொஞ்சம் கொஞ்சமாகத் தன் பதவிக்குள் நுழைவதையும் காட்டுகிறார்கள். பகிடி பெண்ணின் மேல் விழுகிறதா, அந்த ஏற்பாட்டின் மேல் விழுகிறதா என்று பாருங்கள்.

எங்கள் மாதர் சங்கத்தில் ஒரு படம் போட்டுக் கலந்துரையாட விருப்பம். "நல்ல படம்" என்று சொல்லிவிட்டு எல்லோரும் எழும்பிப் போய்விடாமல் எப்படி நடத்துவது?
– செயலாளர், ஆரையம்பதி

படம் தொடங்குமுன் ஆளுக்கொரு தாளைக் கொடுங்கள். மூன்று கேள்விகள் போதும்: அவள் இட்ட கட்டளைகள் எத்தனை, எத்தனை நிறைவேறின, எத்தனையை ஒரு ஆண் மாற்றினான். கோடு போட்டு எண்ணினால் சரி. இரண்டு பேரிடம் மட்டும் போனில் நேரக்கணிப்பானைக் கொடுத்து, ஒருவர் அவள் பேசும் நேரத்தையும் மற்றவர் நாயகன் பேசும் நேரத்தையும் எடுக்கட்டும். இரண்டரை மணி நேரமும் இதைச் செய்யக் கை வலிக்கும். தொடக்கத்தில் 20, நடுவில் 20, கடைசியில் 20 நிமிடம் எடுங்கள். திரையில் தெரியும் நேரத்தை எண்ண வேண்டாம். பாட்டுக்காட்சி கணக்கைக் குழப்பிவிடும். இருவர் தாளில் எண்ணிக்கை வேறுபட்டால் திருத்தாதீர்கள். "அது கட்டளையா, கெஞ்சலா?" என்ற சண்டை அங்கேதான் தொடங்கும், அதைத்தான் நீங்கள் தேடுகிறீர்கள்.

இடைவேளையில் நிறுத்தி, இவளுக்குக் கடைசியில் என்ன ஆகும் என்று ஒரு வரி எழுதச் சொல்லுங்கள். பெரும்பாலும் சரியாகவே எழுதுவார்கள். எப்படித் தெரிந்தது என்று படம் முடிந்தபின் கேளுங்கள்.

மாலை வேளையில் வைத்தால் சமையலுக்கு எழும்பிவிடுவார்கள். ஞாயிறு மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு, 2 மணி சரி. பகல் வெளிச்சத்தில் படம் வெளிறாமலிருக்க யன்னல்களுக்குக் கறுப்புத்துணி போடுங்கள். ஒலிபெருக்கியைத் திரைக்குப் பக்கத்தில் வையுங்கள். பின்னால் வைத்தால் வசனம் மங்கும், கட்டளை எண்ணுவது கேள்விக்குறிதான். பொதுக் காட்சிக்கு உரிமையாளரின் அனுமதி வேண்டும். யூடியூபில் கிடக்கிறது என்பது அனுமதி ஆகாது.