என் கற்பனை உலகத்தில் ஒரு 'தடைசெய்யப்பட்ட சுருதி' கோட்டையையே இடிக்கும் என்று எழுதினால் நம்புவார்களா?

நம்புவார்கள், ஆனால் சத்தம் பெரிதாக இருந்தால் இடியும் என்று மட்டும் எழுதிவிடாதீர்கள். மும்பை மாட்டுங்காவில் எங்கள் வீடு தண்டவாளத்தை ஒட்டி. ஃபாஸ்ட் லோக்கல் தடதடவென்று போகும்போது ஒன்றும் ஆகாது, அதே ரயில் ஒரு குறிப்பிட்ட வேகத்தில் ஊர்ந்தால் மட்டும் அலமாரியில் ஒரே ஒரு எவர்சில்வர் டம்ளர் கிணுகிணுவென்று நடுங்கும். அதுதான் ஒத்ததிர்வு. ஒரு பொருள் தானாக நொடிக்கு எத்தனை முறை அதிருமோ, அந்த இயல்பான அதிர்வெண்ணிலேயே அதைத் தள்ளிக்கொண்டிருந்தால், ஊஞ்சலை நேரம் பார்த்து உந்துவது மாதிரி, சின்னச் சின்னத் தள்ளல்கள் சேர்ந்து பெரிதாகிவிடும்.

1831-இல் இங்கிலாந்தின் பிராட்டன் தொங்குபாலம் 74 வீரர்கள் ஒரே தாளத்தில் காலடி வைத்து நடந்ததில் சரிந்தது (ஒரு போல்ட் ஏற்கெனவே பலவீனமாக இருந்தது, அது வேறு கதை). அப்புறம்தான் பாலத்தில் அணிநடை கூடாது என்று ராணுவத்தில் உத்தரவு வந்தது. உங்கள் 'தடை' இங்கேயே கிடைத்துவிட்டது பாருங்கள்!

ஒரே சிக்கல், கனமான கற்சுவர் அதிர்வை விழுங்கிவிடும். கோட்டையை விட்டுவிட்டுப் பள்ளத்தாக்கின் மேல் ஒரு தொங்குபாலம் போடுங்கள். சுருதி கொஞ்சம் பிசகினாலும் ஒன்றும் நடக்காது, அதனால் பாடுபவர் விடாமல் பிடிக்க வேண்டும். அவரும் பாலத்தின் மேலேயே நின்றால் இன்னும் நல்லது.